நிறைப்பெட்டி எங்கே போனது? ஸாமலில் சொந்தக் கொன்ட்ரோலுக்கு விலாசம் எழுதுவது

சனிக்கிழமை பின்னேரங்களில் யாழ்ப்பாணத்துத் திருநெல்வேலியில் எங்கள் வீட்டு விறாந்தையில் ஐந்தாறு பிள்ளைகள் மடிக்கணினியோடு இருப்பார்கள். விண்டோஸ் மென்பொருள்களுக்குத் திரை அமைக்கும் மைக்ரோசொஃப்ட்டின் டபிள்யூபிஎஃப் பழகத் தொடங்கி இரண்டாம் கிழமை வந்தால் போதும், யாராவது ஒருவர் நிமிர்ந்து, "சேர், கிளாஸ் இருக்கு. ஆனா இல்லையெண்டு சொல்லுது" என்பார். எட்டிப் பார்த்தால் ஒரு பக்கம், அவர் எழுதிய நிரல் கட்டான கிளாஸின் கோப்பு திறந்தே இருக்கும். மறுபக்கம், திரையில் எது எங்கே வரும் என்று எழுதும் ஸாமல் கோப்பில் அதே பெயருக்குக் கீழே வளைகோடு ஓடும். இரண்டும் உண்மைதான். கிளாஸ் இருக்கிறது, ஸாமல் தேடிப் போன இடத்தில் அது இல்லை.

ஒரு உதாரணத்தை வைத்துக்கொண்டே போவோம். சுன்னாகம் சந்தையில் வெங்காயம் மொத்தமாக எடுக்கும் ஒருவருக்குச் சிட்டை போடும் சின்ன மென்பொருள். அதில் கிலோவும் கிராமும் மட்டும் தட்டக்கூடிய, எழுத்துத் தட்டினால் ஏற்காத ஒரு பெட்டி வேண்டும். திரையில் வைக்கும் இப்படியான பெட்டி, பட்டன் எல்லாவற்றையும் கொன்ட்ரோல் என்பார்கள். இதை நாமே எழுதி 'நிறைப்பெட்டி' என்று பெயர் வைத்திருக்கிறோம். அது இருக்கும் பெயர்வெளி, அதாவது கிளாஸ்களைத் தொகுத்து வைக்கும் நேம்ஸ்பேஸ், 'சந்தை.கருவிகள்'. குறியீட்டு வரிகளை இங்கே வாசிக்கும் ஒலிப்படி தமிழில் தருகிறேன். தட்டும்போது வழக்கம்போல ஆங்கில எழுத்தில் தட்டுங்கள். கிளாஸை எழுதும் மொழியான சி ஷார்ப் தமிழ் எழுத்துப் பெயர்களையும் ஏற்கும். ஆனால் நாளைக்கு அந்தக் கோப்பை வேறொருவர் திறப்பார் என்பதால் நான் அப்படி வைப்பதில்லை.

பட்டனுக்கு மட்டும் ஏன் விலாசம் வேண்டாம்?

யாழ்ப்பாணம் ரயில் நிலையத்தில் இறங்கி ஓட்டோக்காரரிடம் "கந்தசுவாமி கோயிலுக்கு விடுங்கோ" என்றால், ஒன்றும் கேட்காமல் நல்லூருக்குத்தான் விடுவார். நீங்கள் நினைத்தது மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயில் என்றால் ஊரையும் சேர்த்துச் சொல்லியிருக்க வேண்டும். இணுவிலிலும் ஒரு கந்தசுவாமி கோயில் இருக்கிறது. ஸாமலில் பட்டன், கிரிட், டெக்ஸ்ட்பொக்ஸ் எல்லாம் நல்லூர் மாதிரி. ஊர் சொல்லாவிட்டாலும் பிடிபடும். நீங்கள் எழுதிய நிறைப்பெட்டி மாவிட்டபுரம்.

பட்டன் எப்படிப் பிடிபடுகிறது என்றால், ஒவ்வொரு ஸாமல் கோப்பின் தலையிலும் முன்னொட்டு இல்லாத ஒரு எக்ஸ்எம்எல்என்எஸ் வரி, அதாவது பெயர்களை எங்கே தேடுவது என்று சொல்லும் விலாச வரி, இருக்கிறது. மைக்ரோசொஃப்ட்டின் ஸ்கீமாஸ் விலாசம், வின்எஃப்எக்ஸ், 2006 என்றெல்லாம் போய் 'பிரசென்டேஷன்' என்று முடியும் வரி அது. டபிள்யூபிஎஃப் 2006 நவம்பரில் டொட்நெட் ஃபிரேம்வேர்க் 3.0 உடன் வெளிவந்தது. அதற்கு முன்பு அந்தத் தொகுதியை வின்எஃப்எக்ஸ் என்று அழைத்தார்கள். அந்தப் பழைய பெயர் விலாசத்தில் அப்படியே நின்றுவிட்டது. பார்க்க இணைய முகவரி போல இருந்தாலும் அதைத் தேடி யாரும் இணையத்துக்குப் போவதில்லை. அது வெறும் அடையாளப் பெயர். இணைப்பு இல்லாத நாளிலும் பட்டன் வரும். அந்த ஒரு பெயருக்குக் கீழே டபிள்யூபிஎஃப்பின் பல பெயர்வெளிகளை அதன் அசெம்ப்ளிகளே, அதாவது கம்பைல் ஆகி வந்த டிஎல்எல் கோப்புகளே, கட்டி வைத்திருக்கின்றன. நம்முடைய கிளாஸை அந்தக் கட்டுக்குள் யாரும் சேர்க்கவில்லை. சேர்க்கும் வழியும் உண்டு, பிறகு வருகிறேன்.

முதலில் ஒரு துண்டுத் தாள்

ஸாமல் பக்கம் போகாதீர்கள். கிளாஸ் கோப்பைத் திறந்து, அங்கே கண்ணால் பார்ப்பதை எழுதிக்கொள்ளுங்கள். நினைவில் இருந்து எழுதினால் பிழைக்கும்.

நேம்ஸ்பேஸ் என்று தொடங்கும் வரியில் என்ன இருக்கிறது? போல்டரின் பெயரை நம்ப வேண்டாம். 'கருவிகள்' போல்டருக்குள் புதிதாக உருவாக்கிய கிளாஸுக்கு விஷுவல் ஸ்டூடியோ 'சந்தை.கருவிகள்' என்று எழுதித் தரும். ஆனால் பிறகு கோப்பை வேறு போல்டருக்கு இழுத்துப் போட்டால் அந்த வரி தானாக மாறும் என்று எண்ணிவிடக் கூடாது. நண்பர் அனுப்பிய கோப்பாக இருந்தால் அவருடைய புரொஜெக்டின் பெயரே அதில் இருக்கும். விஷுவல் பேசிக்கில் எழுதுபவர்களுக்கு இன்னொரு சிக்கல்: அங்கே புரொஜெக்டின் ரூட் நேம்ஸ்பேஸ் கண்ணுக்குத் தெரியாமல் முன்னால் ஒட்டிக்கொள்ளும். கோப்பில் 'கருவிகள்' என்று மட்டும் இருந்தாலும் முழுப்பெயர் 'சந்தை.கருவிகள்'தான்.

அடுத்து கிளாஸின் பெயர், எழுத்துக்கு எழுத்து. பெரிய எழுத்து, சின்ன எழுத்து வேறுபாடு இங்கே கணக்கு.

பப்ளிக் என்று இருக்கிறதா? விஷுவல் ஸ்டூடியோ 2022 புதிய கிளாஸுக்கு 'இன்டர்னல்' என்று எழுதித் தரும். வேறு புரொஜெக்டில் இருந்து அழைக்க அது உதவாது. எந்தத் தகவலும் கேட்காத வெறுங்கன்ஸ்ட்ரக்டர், அதாவது கொன்ட்ரோலைப் புதிதாக உருவாக்கும் பகுதி, ஒன்று இருக்கிறதா? குறிச்சொல், அதாவது டேக், போட்டு ஒரு கொன்ட்ரோலை ஸாமல் உருவாக்குவது அதன் வழியாகத்தான். இன்னொரு கிளாஸின் வயிற்றுக்குள் எழுதிய கிளாஸ் என்றால் அதை வெளியே எடுங்கள். உள்கிளாஸை ஸாமல் குறிச்சொல்லாக எழுத முடியாது.

கடைசியாக அசெம்ப்ளியின் பெயர். புரொஜெக்ட் ப்ராப்பர்டீஸில் இருக்கும். பெயர்வெளியும் அசெம்ப்ளியும் ஒன்றேதான் என்று பலர் எண்ணுகிறார்கள். பெரும்பாலும் ஒரே பெயராக இருப்பதால் வரும் எண்ணம் அது. புரொஜெக்டின் பெயரில் இடைக்கோடு இருந்தால் இரண்டும் பிரிந்துவிடும்: 'சந்தை-நூலகம்' என்று புரொஜெக்ட் வைத்தால் அசெம்ப்ளி 'சந்தை-நூலகம்' ஆகவே இருக்கும். பெயர்வெளியில் இடைக்கோடு செல்லாது என்பதால் அது 'சந்தை_நூலகம்' என்று அடிக்கோட்டோடு வரும். இந்த ஒரு கோட்டுக்காக ஒரு பிள்ளை எங்கள் விறாந்தையில் இரண்டு தேத்தண்ணி குடித்து முடிக்கும்வரை தேடியிருக்கிறது.

விலாச வரியை எழுதுவது

நிறைப்பெட்டி அதே புரொஜெக்டுக்குள் இருந்தால், விண்டோவின் திறப்புக் குறிச்சொல்லுக்குள் இப்படி எழுதுங்கள்:

எக்ஸ்எம்எல்என்எஸ்:கருவி="சிஎல்ஆர்-நேம்ஸ்பேஸ்:சந்தை.கருவிகள்"

பிறகு உள்ளே எங்கு வேண்டுமோ அங்கே:

<கருவி:நிறைப்பெட்டி />

வேறு புரொஜெக்டில், 'சந்தைநூலகம்' என்ற அசெம்ப்ளியில் இருந்தால்:

எக்ஸ்எம்எல்என்எஸ்:கருவி="சிஎல்ஆர்-நேம்ஸ்பேஸ்:சந்தை.கருவிகள்;அசெம்ப்ளி=சந்தைநூலகம்"

இந்த வரியை இன்னொருமுறை உற்றுப் பாருங்கள். சிஎல்ஆர்-நேம்ஸ்பேஸுக்குப் பிறகு முக்காற்புள்ளி, அசெம்ப்ளிக்குப் பிறகு சமக்குறி. இரண்டுக்கும் ஒரே குறி போடுவதுதான் நான் அதிகம் காணும் கைப்பிழை. அரைப்புள்ளிக்குப் பக்கத்தில் இடைவெளி விடாதீர்கள். அசெம்ப்ளி பெயருக்குப் பின்னால் டிஎல்எல் என்ற வால் வேண்டாம். கிளாஸின் பெயரும் இந்த வரியில் வராது. அது குறிச்சொல்லில் வரும்.

'கருவி' என்ற முன்னொட்டு உங்கள் வசதிக்கு. 'க' என்று வைத்தாலும் ஒன்றும் கெட்டுவிடாது. விஷுவல் ஸ்டூடியோ புதிய விண்டோவில் 'லோக்கல்' என்ற முன்னொட்டைத் தானாகவே எழுதித் தரும். அது அந்த விண்டோ இருக்கும் பெயர்வெளியை மட்டும் காட்டும். 'சந்தை'யைக் காட்டும் லோக்கலால் 'சந்தை.கருவிகள்' உள்ளே இருப்பதை எடுக்க முடியாது. வீதி தெரிந்தால் ஒழுங்கையும் தெரியும் என்ற கணக்கு இங்கே இல்லை. ஒவ்வொரு பெயர்வெளிக்கும் தனித்தனி வரி வேண்டும்.

முன்னொட்டின் ஆட்சி, அதை எழுதிய குறிச்சொல்லுக்கும் அதன் உள்ளே இருப்பவற்றுக்கும் மட்டும். ஸ்டைல்களைத் தனி ரிசோர்ஸ் டிக்‌ஷனரி கோப்பாகப் பிரித்தீர்களா? அந்தக் கோப்பின் தலையிலும் அதே வரியை மறுபடி எழுத வேண்டும். விண்டோவில் எழுதியது அங்கே செல்லாது. எழுதாமல் விட்டால் எம்சி3000 என்ற எண்ணோடு, அறிவிக்கப்படாத முன்னொட்டு என்ற பிழை வரும். ஸ்டைல் எந்தக் கொன்ட்ரோலுக்கு என்று சொல்லும் டார்கெட்டைப்பில் கொன்ட்ரோலின் பெயரை எழுதும்போதும் முன்னொட்டை மறக்க வேண்டாம்.

பில்ட்: பிழை காட்டும் இடமும் பிழை இருக்கும் இடமும்

விலாசம் சரி. ஆனாலும் வளைகோடு போகவில்லை. இங்கேதான் புதியவர்கள் சரியாக இருந்த வரியைத் திருத்தத் தொடங்கிக் கெடுத்துவிடுகிறார்கள்.

திரை எப்படி வரும் என்று விஷுவல் ஸ்டூடியோவுக்குள் காட்டும் டிசைனர் பார்ப்பது நீங்கள் இப்போது தட்டிய எழுத்தை அல்ல, கடைசியாகக் கம்பைல் ஆன அசெம்ப்ளியை. நிறைப்பெட்டியை எழுதிச் சேமித்துவிட்டு உடனே ஸாமலுக்குப் போனால், டிசைனரின் கண்ணில் அந்தக் கிளாஸ் இன்னும் பிறக்கவில்லை. ஆகவே கிளாஸை எழுதியதும் ஒருமுறை பில்ட் செய்யுங்கள். பாதிப் பேருக்குப் பிரச்சினை இந்த இடத்திலேயே தீர்ந்துவிடும்.

தீராதவர்களுக்கு உள்ளே நடப்பதைக் கொஞ்சம் சொல்ல வேண்டும். ஒரே புரொஜெக்டுக்குள் ஸாமலும் அது அழைக்கும் கிளாஸும் இருந்தால் டபிள்யூபிஎஃப் ஒரே மூச்சில் கம்பைல் செய்ய முடியாது. ஸாமலுக்குக் கிளாஸ் வேண்டும். கிளாஸின் மறுபாதியோ ஸாமலில் இருந்து வருகிறது. அதனால் முதற் சுற்றில் ஸாமலை மேலோட்டமாக வாசித்துவிட்டு, சி ஷார்ப் கோப்புகளை வைத்து ஒரு தற்காலிக அசெம்ப்ளி கட்டும். பிறகு இரண்டாம் சுற்றில் அந்த அசெம்ப்ளியைப் பார்த்து ஸாமலை முடிக்கும். எரர் லிஸ்டில் புரொஜெக்டின் பெயருக்குப் பின்னால் 'டபிள்யூபிஎஃப்டிஎம்பி' என்ற வாலோடு ஏதாவது கண்டிருந்தால், அது இந்தத் தற்காலிகக் கட்டுமானம்தான்.

எங்கோ ஒரு சி ஷார்ப் கோப்பில், நிறைப்பெட்டிக்குச் சம்பந்தமே இல்லாத கோப்பில், ஒரு பிழை இருந்தால் தற்காலிக அசெம்ப்ளி கட்டப்படாது. பில்ட் அங்கேயே நின்றுவிடும். புது அசெம்ப்ளி கிடைக்காத டிசைனர், நீங்கள் புதிதாக எழுதிய ஒவ்வொரு கொன்ட்ரோலையும் 'இல்லை' என்று வரிசையாக எழுதித் தள்ளும்.

எனக்கு நடந்தது இது. காலையில் ஒருவருக்குக் கொடுக்க வேண்டிய வேலை. இரவு பத்து மணிக்கு எரர் லிஸ்டில் 40க்கு மேல் பிழைகள், கிட்டத்தட்ட எல்லாம் ஸாமல் பிழைகள். எக்ஸ்எம்எல்என்எஸ் வரிகளை அழித்து எழுதினேன், முன்னொட்டை மாற்றினேன், பெயர்வெளியையே மாற்றினேன். ஒரு மணிக்குத்தான் பட்டியலின் அடியில் கிடந்த தனிப் பிழை கண்ணில் பட்டது: சிட்டையின் மொத்தம் கூட்டும் ஃபங்ஷனில் ரிட்டேர்ன் எழுத மறந்திருந்தேன். அதை எழுதியதும் நாற்பதும் மறைந்தன. பதிலுக்கு, மூன்று மணித்தியாலம் நான் மாற்றி வைத்த வரிகளால் புதிதாகப் பத்துப் பிழைகள் வந்தன.

அதற்குப் பிறகு எனக்கு ஒரு ஒழுங்கு இருக்கிறது. எரர் லிஸ்டின் மேலே 'பில்ட் பிளஸ் இன்டெலிசென்ஸ்' என்று இருக்கும் தெரிவைப் 'பில்ட் ஒன்லி' என்று மாற்றுவேன். பிழை எண்களின் தலைப்பைப் பார்ப்பேன். சிஎஸ் என்று தொடங்கினால் சி ஷார்ப் பிழை. அதைத்தான் முதலில் தீர்க்க வேண்டும். எம்சி என்றால் ஸாமலைக் கம்பைல் செய்யும்போது வந்த உண்மையான பிழை. எம்சி3074 வந்தால் அந்தக் குறிச்சொல் அந்தப் பெயர்வெளியில் கிடைக்கவில்லை என்று பொருள். துண்டுத் தாளையும் விலாச வரியையும் பக்கத்தில் வைத்து ஒப்பிடுங்கள். எக்ஸ்டிஜி0008 போன்றவை டிசைனரின் முறைப்பாடு. பில்ட் வெற்றி என்று வந்து, மென்பொருளும் ஓடி, இது மட்டும் நின்றால் அவசரப்பட வேண்டாம். டிசைனர் பழைய நினைவில் இருக்கிறது.

கொன்ட்ரோல் வேறு புரொஜெக்டில் இருந்தால்

விலாச வரியில் அசெம்ப்ளியின் பெயரை எழுதுவது அதைக் கூட்டிவருவதாகாது. புரொஜெக்டில் ரெஃபரன்ஸ் சேர்க்க வேண்டும். அதுவும் ஒரே சொல்யூஷனுக்குள் இருக்கும் நூலகம் என்றால் புரொஜெக்ட் ரெஃபரன்ஸாகவே சேருங்கள். பின் போல்டருக்குள் போய் டிஎல்எல் கோப்பைத் தேடிக் காட்டினால் இன்றைக்கு வேலை செய்யும். நாளைக்கு நிறைப்பெட்டியில் ஒரு மாற்றம் செய்வீர்கள். பழைய டிஎல்எல் அங்கேயே கிடக்கும், எது முதலில் பில்ட் ஆக வேண்டும் என்றும் விஷுவல் ஸ்டூடியோவுக்குத் தெரியாது.

பதிப்பும் பொருந்த வேண்டும். டொட்நெட் 6இல் இருக்கும் செயலி, டொட்நெட் 8க்கு எழுதிய நூலகத்தை எடுக்காது. மறுபக்கம் பிரச்சினை இல்லை. நூலகத்தைச் சாதாரண கிளாஸ் லைப்ரரியாகத் தொடங்கியிருந்தால் அதன் புரொஜெக்ட் கோப்பில் இலக்கு 'நெட்8.0-விண்டோஸ்' என்று விண்டோஸ் வாலோடு இருக்க வேண்டும், 'யூஸ்டபிள்யூபிஎஃப்' என்பதும் 'ட்ரூ' ஆக இருக்க வேண்டும். தொடக்கத்திலேயே டபிள்யூபிஎஃப் கஸ்டம் கொன்ட்ரோல் லைப்ரரி என்ற டெம்ப்ளேட்டைத் தெரிவு செய்தால் இந்தத் தலையிடி இல்லை.

இணையத்தில் இறக்கிய ஸிப்புக்குள் இருந்து எடுத்த டிஎல்எல் என்றால் அதன் மேல் வலது சொடுக்கு, ப்ராப்பர்டீஸ், கீழே 'அன்பிளொக்' என்று இருந்தால் அதைக் குறியிடுங்கள். விண்டோஸ் வெளியாள் என்று முத்திரை குத்தி வைத்த கோப்பை ஏற்றச் சில வேளை மறுப்பு வரும். விஷுவல் ஸ்டூடியோ 2019 அல்லது அதற்கு முந்தியது வைத்திருப்பவர்களுக்கு இன்னொன்று: அது 32 பிட் செயலி. 64 பிட்டுக்கென்றே கட்டிய நூலகத்தை டொட்நெட் ஃபிரேம்வேர்க் டிசைனரில் அதனால் ஏற்ற முடியாது. ஓட்டினால் சரியாக ஓடும், டிசைனரில் மட்டும் தெரியாது. வடிவமைக்கும்போது எனி சிபியு என்று வைத்துக்கொள்ளுங்கள்.

துப்புரவு, கடைசியாக

எதைக் கேட்டாலும் 'ஓபிஜே போல்டரை அழி' என்று சொல்வோர் இருக்கிறார்கள். எனக்கு அது பிடிப்பதில்லை, ஏனென்றால் தற்செயலாகப் பிழை போனாலும் ஏன் போனது என்று தெரியாது. ஆனால் மேலே சொன்னதெல்லாம் சரியாக இருந்தும் பிழை நின்றால் செய்யத்தான் வேண்டும். பில்ட் நடுவில் மின்சாரம் போய்க் கணினி நின்ற நாளில் எனக்கு இது கைகொடுத்திருக்கிறது. அரைகுறைக் கோப்புகள் உள்ளே தங்கிவிடும். விஷுவல் ஸ்டூடியோவை மூடுங்கள். ஒவ்வொரு புரொஜெக்டிலும் பின், ஓபிஜே இரண்டையும், சொல்யூஷன் போல்டரில் மறைந்திருக்கும் புள்ளி-விஎஸ் போல்டரையும் அழியுங்கள். திறந்து ரீபில்ட் செய்யுங்கள்.

வேறு மேடைகளில்

ஸாமல் எழுதும் வேறு மேடைகளான வின்யூஐ, யூடபிள்யூபி இரண்டிலும் சிஎல்ஆர்-நேம்ஸ்பேஸ் என்று எழுதக் கூடாது. 'யூசிங்:சந்தை.கருவிகள்' என்று எழுத வேண்டும், அசெம்ப்ளி பகுதியே கிடையாது. டபிள்யூபிஎஃப் பாடத்தில் இருந்து வரியை வெட்டி ஒட்டியவர்கள் இங்கே விழுவார்கள். இன்னும் இரண்டு மேடைகளான மாவி, அவலோனியா இரண்டும் இரு வகையையும் ஏற்கும்.

நூலகம் பெரிதாகி, பயன்படுத்துபவர் நாலைந்து எக்ஸ்எம்எல்என்எஸ் வரி எழுத வேண்டி வந்தால், முன்னே சொன்ன கட்டுக்குள் சேர்க்கும் வழியை எடுங்கள். நூலகத்தின் அசெம்ப்ளி மட்டத்தில் 'எக்ஸ்எம்எல்என்எஸ்டெஃபினிஷன்' என்ற அட்ரிபியூட்டை எழுதி, நீங்களே வைக்கும் ஒரு அடையாள விலாசத்தோடு ஒவ்வொரு பெயர்வெளியையும் கட்டிவிடலாம். பயன்படுத்துபவர் அந்த ஒரு விலாசத்தை மட்டும் எழுதினால் போதும். ஒரு நிபந்தனை: டபிள்யூபிஎஃப்பில் இது வெளியே இருந்து அந்த நூலகத்தை எடுப்பவர்களுக்குத்தான் உதவும். அதே நூலகத்துக்குள் இருக்கும் ஸாமல் கோப்புகளில் பழையபடி சிஎல்ஆர்-நேம்ஸ்பேஸ் என்றே எழுதுங்கள்.

பெயர் கிடைத்தது, பெட்டி தெரியவில்லை

பிழை ஒன்றும் இல்லை, பில்ட் வெற்றி, ஆனால் விண்டோவில் நிறைப்பெட்டி இருக்க வேண்டிய இடம் வெறுமையாக இருக்கிறது. பிள்ளைகள் மறுபடி எக்ஸ்எம்எல்என்எஸ் வரிக்கு ஓடுவார்கள். வேண்டாம், விலாசம் சரியாக இருந்ததால்தான் பிழை வரவில்லை. இது தோற்றத்தின் பிரச்சினை.

யூசர் கொன்ட்ரோல் தன் தோற்றத்தைத் தன் ஸாமல் கோப்பிலேயே வைத்திருக்கும். கஸ்டம் கொன்ட்ரோல் அப்படி இல்லை. அதன் தோற்றத்தைத் 'தீம்ஸ்' என்ற போல்டருக்குள் 'ஜெனரிக்' என்ற ஸாமல் கோப்பில் டபிள்யூபிஎஃப் தேடும். இரண்டு பெயரும் அப்படியே இருக்க வேண்டும். 'தீம்' என்று ஒருமையில் வைத்துவிட்டால் பிழையும் வராது, பெட்டியும் வராது. கிளாஸின் ஸ்டாட்டிக் கன்ஸ்ட்ரக்டரில் டீஃபோல்ட்ஸ்டைல்கீயை நிறைப்பெட்டியின் வகைக்கு மாற்றும் வரி இருக்கிறதா, அசெம்ப்ளி மட்டத்தில் தீம்இன்ஃபோ இருக்கிறதா என்று பாருங்கள். டெம்ப்ளேட்டில் தொடங்கியவர்களுக்கு இவை மூன்றும் தாமாகவே வந்திருக்கும். வெறும் கிளாஸ் லைப்ரரியில் தொடங்கியவர்கள் கையால் எழுத வேண்டும். கடைசியில் ஜெனரிக் கோப்பின் பில்ட் அக்‌ஷன் 'பேஜ்' என்று இருக்கிறதா என்றும் பார்த்துவிடுங்கள். வேறு புரொஜெக்டில் இருந்து வெட்டி ஒட்டிய கோப்பில் அது 'நன்' என்று கிடந்ததை நானே இரண்டு தரம் கண்டிருக்கிறேன்.